'ஜப்பான்' என்று எழுதிய பட்டை: அரியானா மியாமோத்தோ ஏன் சர்ச்சையானார்?

2015 மார்ச்சில் டோக்கியோவில் மிஸ் யுனிவர்ஸ் ஜப்பான் போட்டியின் இறுதிச் சுற்று நடந்தது. நாகசாகி மாகாணத்தின் சார்பில் வந்திருந்த 20 வயது அரியானா மியாமோத்தோவின் தலையில் கிரீடம் ஏறியது. அவருடைய அம்மா ஜப்பானியர். அப்பா அமெரிக்கக் கடற்படையில் வேலை பார்த்த கறுப்பின அமெரிக்கர். அரியானா பிறந்தது ஜப்பானில், தாய்மொழி ஜப்பானியம், குடியுரிமையும் ஜப்பானுடையதுதான். தூரிகையும் மையும் கொண்டு எழுதும் ஷோதோ கலையில் ஐந்தாம் நிலை வரை தேறியவர். அந்த நிலையை எட்ட வருடக்கணக்கில் உட்கார்ந்து எழுத வேண்டும்.

கிரீடம் சூட்டிய கையோடு இணையத்தில் சண்டை ஆரம்பித்துவிட்டது. இந்தப் பெண்ணின் முகம் ஜப்பானிய முகமா, இவர் எப்படி நம் நாட்டுக்காக மேடையில் நிற்கலாம், அசல் ஜப்பானியப் பெண் ஒருவர்கூடக் கிடைக்கவில்லையா என்று கேள்விகள் வந்து குவிந்தன. அவர் பக்கம் நின்றவர்களும் நிறைய உண்டு. ஆனால் உலகப் பத்திரிகைகள் எடுத்துப் போட்டது அந்த எதிர்ப்பைத்தான். ஜப்பானியர்களின் இனவெறி என்று ஒரே வரியில் பல செய்திகள் முடிந்துபோயின.

அந்த ஒரு வரி எனக்குப் போதவில்லை. கலப்பினப் பெண்களின் முகத்தை ஜப்பான் ஐம்பது ஆண்டுகளாகக் கொண்டாடி வந்திருக்கிறது. அழகுசாதன விளம்பரம், பெண்கள் பத்திரிகையின் அட்டை, தொலைக்காட்சி நிகழ்ச்சி என்று எங்கும் அந்த முகங்கள்தான். இவர்களைப் பேச்சுவழக்கில் ஹாஃபு என்கிறார்கள்; பாதி என்று பொருள்படும் ஆங்கில 'ஹாஃப்' என்பதிலிருந்து வந்த சொல். ஹாஃபு மாடல் ஒருவர் உதட்டுச் சாயம் விற்றால் யாருக்கும் ஆட்சேபணை இல்லை. அரியானாவின் தோளிலிருந்து இடுப்புவரை குறுக்கே போன பட்டையில் நாட்டின் பெயர் எழுதியிருந்தது. பிரச்சினை அங்கேதான் தொடங்கியது என்று நினைக்கிறேன். அவர் வளர்ந்த ஊரையும், ஜப்பானிய மாடல் தொழிலின் வரலாற்றையும் சேர்த்துப் பார்த்தால் இது புரியும்.

அரியானா 1994 மே 12 அன்று சசெபோ நகரத்தில் பிறந்தார். கியூஷூ தீவின் மேற்குக் கரையில் இருக்கும் துறைமுக ஊர் அது. ஜப்பானியப் பேரரசின் கடற்படைக்கு 1889 முதல் அங்கே பெரிய தளம் இருந்தது. இரண்டாம் உலகப்போரில் ஜப்பான் சரணடைந்த பிறகு அமெரிக்கக் கடற்படை வந்து இறங்கியது, இன்றுவரை போகவில்லை. 1968 ஜனவரியில் அணுசக்தியால் இயங்கும் எண்டர்பிரைஸ் என்ற விமானந்தாங்கிக் கப்பல் சசெபோவுக்கு வந்தபோது மாணவர்களும் போலீஸும் தெருவில் மோதிக்கொண்டார்கள். அதே ஊரில்தான் கடற்படை ஆட்களைப் பார்த்துக் கற்றுக்கொண்ட ஹாம்பர்கர் இன்று உள்ளூர்ப் பெருமையாகிச் சுற்றுலாப் பயணிகளுக்கு விற்பனையாகிறது. சுமார் இரண்டரை லட்சம் பேர் வாழும் நகரம். அமெரிக்க மாலுமிகளைத் தெருவில் பார்ப்பது அங்கே புதிதல்ல.

அப்படிப்பட்ட ஊரிலேயே அரியானாவின் பள்ளி நாட்கள் கசப்பாகத்தான் கழிந்தன. அவர் கைக்குழந்தையாக இருந்தபோதே பெற்றோர் பிரிந்துவிட்டார்கள். அம்மாவின் குடும்பத்தில், ஜப்பானிய மொழியில், ஜப்பானியப் பெண்ணாகவே வளர்ந்தார். வகுப்பில் பிள்ளைகள் தன்மீது குப்பையை எறிந்ததையும், கறுப்பு நிறத்தைச் சொல்லி ஏசியதையும், கையைப் பிடித்தால் நிறம் ஒட்டிக்கொள்ளும் என்று பயந்து விலகியதையும் பின்னாளில் பேட்டிகளில் சொன்னார். கைபிடித்து வரிசையாக நடக்க வேண்டிய பள்ளிச் சுற்றுலாவில் பக்கத்துப் பிள்ளை கையை இழுத்துக்கொண்டால் எட்டு வயதுக் குழந்தைக்கு எப்படி இருக்கும்? அந்தத் தெருவையும் அந்த மொழியையும் தவிர வேறெதையும் அறியாத குழந்தைக்கு?

இங்கே சட்டம் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். இந்தக் கதையை எழுதுகிற பலரும் இதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். 1984 வரை ஜப்பானில் குடியுரிமை அப்பா வழியாகத்தான் வரும். அப்பா ஜப்பானியராக இருந்தால் பிள்ளையும் ஜப்பானியர். அம்மா ஜப்பானியராக இருந்து, அவர் வெளிநாட்டவரை முறைப்படி மணந்திருந்தால் பிள்ளைக்கு ஜப்பானியக் குடியுரிமை தானாகக் கிடைக்காது. அமெரிக்கச் சட்டமோ, வெளிநாட்டில் பிறக்கும் பிள்ளைக்குக் குடியுரிமை தர, அப்பா அமெரிக்காவில் இத்தனை வருடம் வசித்திருக்க வேண்டும் என்று நிபந்தனை வைத்திருந்தது. இரண்டு சட்டங்களுக்கும் நடுவில் சிக்கி, எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாமல் போன குழந்தைகள் அமெரிக்கத் தளங்கள் நிறைந்த ஒகினாவாவில் இருந்தார்கள். பெண்கள் அமைப்புகள் விடாமல் போராடின. பெண்களுக்கு எதிரான பாகுபாட்டை ஒழிக்கும் ஐ.நா. உடன்படிக்கையில் சேர வேண்டிய கட்டாயமும் அரசுக்கு வந்தது. 1984இல் சட்டம் திருத்தப்பட்டு, 1985 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது. அப்பா, அம்மா இருவரில் யார் ஜப்பானியராக இருந்தாலும் பிள்ளை ஜப்பானியர் என்றானது.

அரியானா பிறந்தது அதற்கு ஒன்பது ஆண்டுகள் கழித்து. கொஞ்சம் முன்னால் பிறந்திருந்தால், அதே அம்மாவுக்கு அதே ஊரில் பிறந்த பிள்ளை சட்டப்படி வெளிநாட்டவர். 2015க்கு முப்பது ஆண்டுகளுக்கு முன்புவரை இருந்த சட்டம் அது. அந்தச் சட்டத்தின் கீழ் வளர்ந்த தலைமுறைதான் 2015இல் ஜப்பானில் நடுவயதில் இருந்தது. யார் ஜப்பானியர் என்ற கேள்விக்கு அப்பாவின் ரத்தத்தைக் காட்டிய சட்டம் மாறிவிட்டது. மனதில் பதிந்தது அவ்வளவு சீக்கிரம் மாறவில்லை.

அதற்கும் முந்தைய தலைமுறையின் நிலை இன்னும் மோசம். போருக்குப் பிந்தைய ஆக்கிரமிப்புக் காலத்தில் அமெரிக்கப் படைவீரர்களுக்குப் பிறந்து கைவிடப்பட்ட குழந்தைகளுக்காக, மிட்சுபிஷி நிறுவனரின் பேத்தியான மிக்கி சவாதா 1948இல் ஓய்சோவில் எலிசபெத் சாண்டர்ஸ் இல்லத்தைத் தொடங்கினார். குடும்பத்தின் பழைய மாளிகைதான் அநாதை இல்லமானது. அங்கே வளர்ந்த பிள்ளைகளில் பலரை வெளிநாடுகளுக்குத் தத்து அனுப்பினார். இந்த மண்ணில் இவர்களால் நிம்மதியாக வாழ முடியாது என்று அவ்வளவு செல்வாக்குள்ள ஒரு பெண்மணிக்கே தோன்றியிருக்கிறது.

அரியானா 13 வயதில் அப்பாவைத் தேடி அமெரிக்கா போனார். ஆர்கன்சா மாநிலத்தில் ஜாக்சன்வில் என்ற சிறு ஊர். தன்னைப் போன்ற நிறமுள்ள சொந்தக்காரர்களை அங்கே பார்த்தது அவருக்குப் பெரிய விஷயமாக இருந்தது. ஆனாலும் இரண்டு வருடத்தில் ஜப்பானுக்குத் திரும்பிவிட்டார். அவருடைய மொழி இங்கே, வீடு இங்கே. திரும்பி வந்தபின் கிடைத்த வேலைகளைச் செய்தார். மதுக்கூடத்தில் பானம் கலந்து கொடுக்கும் வேலையும் அதில் ஒன்று.

அழகிப் போட்டிக்கு வரச் சொல்லிக் கேட்டபோது முதலில் மறுத்துவிட்டார். ஹாஃபு பெண்ணுக்கு அங்கே இடமில்லை என்பது அவர் எண்ணம். அப்புறம் ஒரு துயரம் நடந்தது. அவரைப் போலவே கலப்பினக் குடும்பத்தில் பிறந்த ஒரு நண்பர் தற்கொலை செய்துகொண்டார். எங்குமே சேராதவராக வாழும் வேதனையை அந்த நண்பர் அவரிடம் பகிர்ந்திருந்தார். இதைப் பற்றி நாலு பேர் கேட்கிறபடி பேச ஒரு மேடை வேண்டும் என்றுதான் போட்டியில் இறங்கியதாக அரியானா சொன்னார். அழகிப் போட்டிகளில் சமூக அக்கறை பற்றிக் கேட்கும் பேச்சு பெரும்பாலும் மனப்பாடம்தான். இவருடையது அப்படிப்பட்டதல்ல. வென்றபிறகு கிடைத்த எல்லாப் பேட்டிகளிலும் அவர் திரும்பத் திரும்பப் பேசியது இதைத்தான். உடையைப் பற்றிக் கேட்டாலும் பேச்சு அங்கேதான் வந்து நின்றது. ஜப்பானில் உணவகத்துக்குப் போனால் இன்றும் ஆங்கில மெனுவை நீட்டுகிறார்கள், குச்சியால் சாப்பிடத் தெரிகிறதே என்று பாராட்டுகிறார்கள் என்று நியூயார்க் டைம்ஸ் நிருபரிடம் சொன்னார். பாராட்டுகிறவர் நல்ல எண்ணத்தில்தான் பாராட்டுகிறார். பிறந்த நாள் முதல் குச்சியால் சாப்பிட்ட பெண்ணுக்கு அந்தப் பாராட்டு எப்படிப் போய்ச் சேரும் என்பது அவருக்குத் தெரியவில்லை.

ஜப்பானில் அழகிப் போட்டி என்றால் ஒன்றே ஒன்று என்று நினைத்துவிட வேண்டாம். மிஸ் நிப்பான் என்பது உள்நாட்டுப் பட்டம். 1950இல் தொடங்கியது, போருக்குப் பிந்தைய பட்டினிக் காலத்தில் அமெரிக்காவிலிருந்து வந்த நிவாரணப் பொருள்களுக்கு நன்றி சொல்ல ஒரு நல்லெண்ணத் தூதரை அனுப்புவதுதான் அதன் ஆரம்ப நோக்கம். முதல் வெற்றியாளர் ஃபுஜிகோ யமமோத்தோ. பிறகு திரையுலகின் பெரிய நட்சத்திரம் ஆனவர். மிஸ் யுனிவர்ஸ் ஜப்பான், மிஸ் வேர்ல்ட் ஜப்பான், மிஸ் இண்டர்நேஷனல் ஜப்பான் எல்லாம் வேறு வேறு. இவை வெளிநாட்டு நடுவர்கள் முன்னால் அனுப்ப ஆளைத் தேடும் போட்டிகள். அந்த நடுவர்களுக்கு யாரைப் பிடிக்கும் என்ற கணக்கு இவற்றில் எப்போதும் உண்டு.

அந்தக் கணக்கின் வரலாறு நீளமானது. 1953இல் கலிஃபோர்னியாவின் லாங் பீச்சில் நடந்த மிஸ் யுனிவர்ஸ் போட்டியில் கினுகோ இத்தோ மூன்றாம் இடம் பிடித்தார். தலையின் உயரத்தைப்போல் எட்டு மடங்கு உடல் உயரம் இருப்பதே சரியான அழகு என்ற பேச்சு ஊரெல்லாம் பரவி, பெண்கள் கண்ணாடி முன் நின்று அளந்து பார்க்கும் நிலை வந்தது. 1959இல் அகிகோ கோஜிமா அதே லாங் பீச்சில் பட்டத்தையே வென்றார். மிஸ் யுனிவர்ஸ் கிரீடம் ஆசியாவுக்கு வந்தது அதுதான் முதல் தடவை. போட்டிக்கு முன்பே மாடலாக இருந்தவர் அவர். பின்னால், முதல் காட்ஸில்லா படத்தில் நடித்த அகிரா தகராதாவை மணந்தார். போரில் தோற்று 14 ஆண்டுகளே ஆன நாட்டுக்கு அந்த வெற்றி எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். பெருமைதான். ஆனால் அந்தப் பெருமைக்குள் ஓர் உறுத்தலும் இருந்தது: தங்களை அளக்கும் அளவுகோல் அமெரிக்காவில் செய்யப்பட்டது என்பது எல்லோருக்கும் தெரியும்.

1990களின் கடைசியில் மிஸ் யுனிவர்ஸ் ஜப்பான் அமைப்பை இனேஸ் லிக்ரோன் என்ற பிரெஞ்சுப் பெண்மணி கையில் எடுத்தார். நடை, நிற்பது, பேச்சு, ஒப்பனை என்று போட்டியாளர்களை ஒரு பாசறையில் வைத்துப் பழக்கினார். அடக்கமும் குனிந்த தலையும் மேடையில் உதவாது, நேராகப் பார்க்கும் பெண்தான் வெல்வாள் என்பது அவர் கொள்கை. 2003இல் மியாகோ மியாசாகி ஐந்தாம் இடம், 2006இல் ஒகினாவாவைச் சேர்ந்த குராரா சிபானா இரண்டாம் இடம், 2007இல் மெக்சிகோ நகரத்தில் நடனக் கலைஞர் ரியோ மோரி முதலிடம். முடிவுகள் பளிச்சென்று இருந்தன. அப்போதும் உள்ளூரில் முணுமுணுப்பு இருந்தது: இந்தப் பெண்கள் வெள்ளைக்காரர்கள் கற்பனை செய்யும் ஆசிய அழகிகள், நம் கண்ணுக்கு அழகானவர்கள் வேறு மாதிரி இருப்பார்கள் என்று. அதாவது, அப்பாவும் அம்மாவும் ஜப்பானியராக உள்ள பெண்ணும் இந்தப் பட்டையைப் போட்டதும் சந்தேகத்துக்கு ஆளானார். 2008க்குப் பிறகு ஜப்பான் சரிந்தது. 2009 முதல் 2014 வரை ஒருவர்கூட அரையிறுதிக்குப் போகவில்லை. அரியானா வந்தது இந்தச் சரிவின் முடிவில்.

இனி மாடல் தொழிலின் பக்கம். 1966 கோடையில் ஷிசெய்டோ அழகுசாதன நிறுவனம் ஒரு சுவரொட்டி வெளியிட்டது. வெள்ளை நீச்சலுடையில் கடற்கரை மணலில் படுத்தபடி கேமராவை நேராகப் பார்க்கும் ஒரு பெண். ஹவாயில் எடுத்த படம். அந்தப் பெண் பிபாரி மயேதா. அப்பா அமெரிக்கர், அம்மா ஜப்பானியர். ஒட்டிய சுவரொட்டிகளை ஆட்கள் கிழித்து வீட்டுக்குக் கொண்டுபோனார்கள் என்பது ஜப்பானிய விளம்பர வரலாற்றில் எல்லோரும் சொல்லும் கதை. அதற்கு முன் வெளிறிய, மென்மையான முகம்தான் அழகுசாதன விளம்பரத்தின் வழக்கம். வெயிலில் கறுத்த சருமமும் பெரிய கண்ணும் கொண்ட இந்த முகம் வந்ததும் ஹாஃபு மாடல்களுக்கு ஒரு பெரிய அலையே எழுந்தது. 1970இல் கலப்பினப் பெண்களை மட்டும் வைத்து கோல்டன் ஹாஃப் என்ற பாட்டுக் குழுவும் வந்தது.

அந்த அலை இன்றுவரை ஓயவில்லை. பெண்கள் பத்திரிகைகளைப் புரட்டினால் ஹாஃபு முகம் போலத் தெரிவதற்கான ஒப்பனைப் பாடங்கள் கிடைக்கும். மூக்கின் இரு பக்கமும் பழுப்பு நிழல் போட்டு மூக்குத் தண்டை உயர்த்திக் காட்டுவது, கண்ணின் உள்மூலையில் வெளிர் பளபளப்பு, சாம்பலும் பழுப்பும் கலந்த நிற காண்டாக்ட் லென்ஸ் எல்லாம் அதில் வரும். பங்களாதேஷைச் சேர்ந்த தந்தைக்குப் பிறந்த ரோலா என்ற மாடல் 2010களின் தொடக்கத்தில் தொலைக்காட்சியைத் திறந்தால் இருப்பார், ரயில் பெட்டி விளம்பரத்தில் இருப்பார். அவரைப் பார்த்து, நீ ஜப்பானியப் பெண்ணா என்று யாரும் சண்டைக்கு நிற்கவில்லை. அந்தக் கேள்வி எழவே வேண்டியிருக்கவில்லை. ரோலா விற்றது பொருளை. விளம்பரத்தில் ஹாஃபு முகம் எங்கோ தொலைவைக் காட்டுகிறது. கொஞ்சம் வெளிநாடு, கொஞ்சம் கனவு. பார்ப்பவர் அதை வாங்கிப் பூசிக்கொள்ளலாம், இரவில் கழுவிவிடலாம். அழகிப் பட்டமோ இதுதான் நாம் என்று ஊருக்கு வெளியே காட்டுவது. அதற்கு முகம் பக்கத்து வீட்டு முகமாக இருக்க வேண்டும் என்று எதிர்பார்க்கிறார்கள்.

இதே தொழிலில் நேர் எதிரான ஒரு கதையும் உண்டு. அதை விட்டுவிட்டு இதைப் புரிந்துகொள்ள முடியாது. யோகோஹாமாவில் 1949இல் பிறந்த சயோகோ யமகுச்சி மாடலாக வந்தபோது ஹாஃபு அலை உச்சத்தில் இருந்தது. முடிக்குச் சாயம் பூசு, கண்ணைப் பெரிதாகக் காட்டு என்பதுதான் அன்றைய கோரிக்கை. அவர் கருங்கூந்தலை நெற்றியில் நேர்கோடாக வெட்டிக்கொண்டு, நீண்ட கண்ணை மையால் இன்னும் நீட்டிக்கொண்டு வந்தார். 1972இல் பாரிஸ் மேடை ஏறினார். 1973இல் ஷிசெய்டோ அவரை ஒப்பந்தம் செய்தது. பிபாரி மயேதாவைக் கொண்டாடிய அதே நிறுவனம்தான். 1977இல் நியூஸ்வீக் அவரை உலகின் முன்னணி மாடல்களில் ஒருவராகச் சொன்னது. பாரிஸ் பார்த்து வியந்தபிறகே ஜப்பான் தன் சொந்த முகத்தை விளம்பரத்தில் தைரியமாகப் போட்டது. ஒரே பத்தாண்டுக்குள் ஒரு நிறுவனம் இரண்டு எதிரெதிர் முகங்களையும் விற்றிருக்கிறது. எனக்கு இதில் தெரிவது இதுதான்: ஜப்பானிய முகம் எது என்பதை ஜப்பானியர்கள் ஒருபோதும் தனியாக உட்கார்ந்து தீர்மானிக்கவில்லை. வெளியே இருந்து பார்க்கும் கண் எப்போதும் அந்த அறைக்குள் இருந்தது.

சரி, ரோலாவையும் பிபாரி மயேதாவையும் போல அரியானாவும் ஹாஃபுதானே. மாடலாக அவருக்கும் அதே வரவேற்பு கிடைத்திருக்குமே என்று கேட்கலாம். இங்கே நிறம் குறுக்கே வருகிறது. ஜப்பான் கொண்டாடிய ஹாஃபு முகங்களில் மிகப் பெரும்பாலானவை வெள்ளை கலந்தவை. கறுப்பின அப்பாவுக்குப் பிறந்த பெண்கள் பாடகிகளாகவோ விளையாட்டு வீராங்கனைகளாகவோ வரலாம். அழகுசாதன அட்டைப்படத்தில் அவர்களைப் பார்ப்பது அரிது. அரியானா வெல்வதற்குச் சில வாரங்களுக்கு முன்னால், 2015 பிப்ரவரியில், பிரபல பாட்டுக் குழுக்களான ராட்ஸ் அண்ட் ஸ்டாரின் உறுப்பினர்களும் மொமொய்ரோ குளோவர் இசட் பெண்களும் முகத்தில் கறுப்புச் சாயம் பூசிக்கொண்டு எடுத்த படம் ஒன்று வெளியானது. தொலைக்காட்சி நிகழ்ச்சி ஒன்றுக்காக அந்த வேஷம். எதிர்ப்பு வலுத்து, ஒளிபரப்பில் அந்தப் பகுதி நீக்கப்பட்டது. அதில் என்ன தவறு என்று உண்மையிலேயே புரியாதவர்கள் நிறைய இருந்தார்கள். அரியானாவின் பட்டம் அந்தச் சூழலில்தான் வந்து விழுந்தது. அழகுக்காகச் சம்பளம் வாங்க நினைக்கும் ஒரு கறுப்பின ஜப்பானியப் பெண்ணுக்கு முன்னால் நடந்து காட்டியவர்கள் அதிகம் இல்லை. பிரிட்டனின் கறுப்பின மாடலான நயோமி கேம்பலைத் தன் முன்மாதிரியாக அவர் சொன்னதில் ஆச்சரியமில்லை.

வென்றபிறகு வந்த வசைகள் முதலில் வலித்தன என்பதை அவர் ஒளிக்கவில்லை. ஆனால் சோர்ந்து உட்காரவும் இல்லை. வெளிநாட்டு நிருபர்கள் வரிசையில் நின்றார்கள். சொந்த நாட்டுப் பத்திரிகைகளின் ஆர்வம் அதோடு ஒப்பிட்டால் குறைவு. அந்த வருடம் முழுக்கப் பயிற்சி. 2015 டிசம்பர் 20 அன்று லாஸ் வேகாஸில் இறுதிப் போட்டி நடந்தது. தொகுப்பாளர் ஸ்டீவ் ஹார்வி தவறான பெயரைப் படித்து, கொலம்பியப் பெண்ணின் தலையிலிருந்து கிரீடத்தை எடுத்து ஃபிலிப்பைன்ஸின் பியா உர்ட்ஸ்பாக்குக்குச் சூட்டிய அந்தப் பிரசித்தமான இரவு. மற்றதெல்லாம் அந்தக் குழப்பத்தில் அமுங்கிப்போனது. அமுங்கிய செய்திகளில் ஒன்று: ஜப்பான் முதல் பத்துக்குள் வந்திருந்தது. 2008க்குப் பிறகு அந்த மேடையில் ஜப்பான் அரையிறுதியைத் தொட்டது அதுதான் முதல் தடவை. இவர் நம்மைப் பிரதிநிதிப்படுத்த முடியாது என்று எழுதியவர்களின் நாட்டுக்கு அந்த வருடம் அவர்தான் மதிப்பு தேடித் தந்தார். பட்டத்தின் வருடம் முடிந்ததும் மாடலாகவும் தொலைக்காட்சி முகமாகவும் வேலையைத் தொடர்ந்தார்.

அடுத்த வருடமே இன்னொரு கதவு திறந்தது. 2016 செப்டம்பரில் பிரியங்கா யோஷிகாவா மிஸ் வேர்ல்ட் ஜப்பான் ஆனார். அப்பா கொல்கத்தாவைச் சேர்ந்த வங்காளி, அம்மா ஜப்பானியர். டோக்கியோவில் பிறந்தவர், சிறு வயதில் சில காலம் அமெரிக்காவிலும் இந்தியாவிலும் இருந்தவர். யானைப் பாகனுக்கான உரிமம் வைத்திருக்கிறார் என்ற விஷயம் எல்லாச் செய்தியிலும் இடம்பெற்றது. அரியானாவுக்கு முன்பு ஹாஃபு பெண்கள் ஜப்பானைப் பிரதிநிதிப்படுத்த முடியாது என்றே தானும் நினைத்திருந்ததாக அவர் வெளிப்படையாகச் சொன்னார். பள்ளியில் தன்னைக் கிருமியைப்போல் நடத்தினார்கள் என்றும் சொன்னார். சசெபோ பள்ளியில் கை பிடிக்க மறுத்த பிள்ளைகளும் இந்தப் பிள்ளைகளும் ஒரே பயத்தைத்தான் பேசியிருக்கிறார்கள். வசைகள் இவருக்கும் வந்தன. வாழ்த்துகள் முன்னைவிட அதிகம் வந்தன.

விளையாட்டிலும் இதே இழுபறி. ஹைட்டியைச் சேர்ந்த அப்பாவுக்கும் ஜப்பானிய அம்மாவுக்கும் ஒசாகாவில் பிறந்த நயோமி ஒசாகா 2018இல் அமெரிக்க ஓபன் டென்னிஸ் பட்டம் வென்றதும் நாடே கொண்டாடியது. சில மாதங்களில், 2019 ஜனவரியில், நிஸ்ஸின் நூடுல்ஸ் நிறுவனத்தின் கார்ட்டூன் விளம்பரத்தில் அவருடைய நிறத்தை வெளிர வைத்து வரைந்திருந்தார்கள். எதிர்ப்பு வந்ததும் விளம்பரத்தை நீக்கினார்கள். 2021இல் டோக்கியோ ஒலிம்பிக் தீபத்தை ஏற்றியது அவர்தான். ஜப்பான் குழுவின் கொடியை ஏந்தி வந்தவர்களில் ஒருவர், பெனின் நாட்டுத் தந்தைக்குப் பிறந்த கூடைப்பந்து வீரர் ருய் ஹச்சிமுரா. விளையாட்டில் வெற்றிக்குக் கணக்கு இருக்கிறது. பந்து கோட்டுக்குள் விழுந்ததா என்று பார்த்தால் போதும். அழகுக்கு அப்படி ஒரு கோடு கிடையாது. அதனால்தான் அழகிப் பட்டத்தில் வாக்குவாதம் இன்னும் கூர்மையாக இருக்கிறது.

2024 ஜனவரியில் அந்த வாக்குவாதம் மறுபடி வெடித்தது. இந்தத் தடவை உள்நாட்டுப் பட்டமான மிஸ் நிப்பானில். வென்றவர் கரோலினா ஷீனோ. பெற்றோர் இருவருமே உக்ரைனியர்கள். அம்மா ஜப்பானியரை மறுமணம் செய்ததால் ஐந்து வயதில் ஜப்பான் வந்து நகோயாவில் வளர்ந்தவர். மாடலாக வேலை செய்தவர். 2022இல் ஜப்பானியக் குடியுரிமை பெற்றவர். தன்னை ஜப்பானியராக ஏற்றுக்கொண்டதற்கு மேடையில் கண்ணீரோடு நன்றி சொன்னார். ஜப்பானியப் பெற்றோரே இல்லாத ஒருவர் ஜப்பானிய அழகின் அடையாளமாக முடியுமா என்ற விவாதம் அரியானா காலத்தைவிடப் பெரிதாக நடந்தது. இதில் ஒரு நுட்பத்தைக் கவனிக்க வேண்டும். வெள்ளை நிறப் பெண் என்பதால்தான் இவர் வென்றார் என்றும் சிலர் கோபப்பட்டார்கள். 1950களில் தொடங்கிய அந்த அமெரிக்க அளவுகோலின் மீதான பழைய உறுத்தல் இது. அரியானாவை எதிர்த்தவர்களின் காரணமும் இதுவும் ஒன்றல்ல. இந்த இரண்டாவது கோபத்தில் நியாயம் கொஞ்சம் இருக்கிறது என்றே எனக்குத் தோன்றுகிறது. அதற்கான விலையை ஐந்து வயதிலிருந்து நகோயாவில் வளர்ந்த ஒரு பெண் தர வேண்டும் என்பதில் நியாயம் இல்லை. இரண்டே வாரத்தில் அவருடைய சொந்த வாழ்க்கை பற்றி ஒரு வார இதழ் செய்தி வெளியிட, பட்டத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். அந்த வருடத்துக்கான முதலிடத்தை அமைப்பாளர்கள் காலியாகவே விட்டார்கள்.

அந்தச் சர்ச்சையில் கேட்ட குரல்களில் பல, ஷீனோவை அரியானாவோடு ஒப்பிட்டு, அரியானாவுக்காவது அம்மா ஜப்பானியர் என்று பேசின. ஒன்பது வருடங்களுக்கு முன் பாதி மட்டும் ஜப்பானியர் என்று ஒதுக்கப்பட்டவர், இப்போது உள்ளே இருப்பவராகக் கணக்கில் வந்துவிட்டார். ஜப்பானில் ஒவ்வோர் ஆண்டும் பிறக்கும் குழந்தைகளில் ஏறத்தாழ 50க்கு ஒருவரின் பெற்றோரில் ஒருவர் வெளிநாட்டவர். மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் குடியுரிமையைத்தான் கேட்கிறார்கள்; இனத்தைக் கேட்பதில்லை. ஆகவே அந்தக் குழந்தைகள் வளர்ந்தபின் எத்தனை பேர் என்று எந்த அரசு ஏட்டிலும் தனியாக எண்ணிக்கை இருக்காது. ஜப்பானியர் என்ற ஒரே பத்தியில்தான் அவர்களும் இருக்கிறார்கள். சசெபோவில் கை பிடிக்க மறுத்த அந்த வகுப்பில், அரசு ஏட்டின்படி, எல்லாப் பிள்ளைகளும் ஒன்றுதான்.